விரால் குஞ்சு குறையாமல் இருக்க: பண்ணைக்குட்டையில் தரம் பிரிக்கும் முறை

வேலூர்ப் பக்கம் விரால் விட்டவர்களுக்குக் கணக்கு உதைப்பது பெரும்பாலும் நோயால் அல்ல. செத்து மிதந்தது நாலைந்துதான் இருக்கும், பிடிக்கும்போது பாதி மீன் இருக்காது. காணாமல் போனதை எல்லாம் கூடப் பிறந்ததே விழுங்கியிருக்கும்.

4 அங்குலத்துக்குக் குறையாத, மிதவைத் தீவனம் தின்னப் பழகிய குஞ்சாக வாங்குங்கள். தொட்டியில் தீவனம் போட்டுக் காட்டச் சொல்லிப் பார்த்த பிறகே பணம் கொடுங்கள். ஏரியில் சிவப்புத் திரளாக ஓடும் குஞ்சை அள்ளிவந்து விடுவது மலிவுதான், ஆனால் அது தீவனத்தைச் சட்டை செய்யாது, பக்கத்தில் இருப்பதைத்தான் கடிக்கும். 1 சென்ட் குட்டைக்கு 150 குஞ்சு போதும். பையை 20 நிமிடம் தண்ணீரில் மிதக்கவிட்டு, குட்டைத் தண்ணீரைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கலந்து விடவும்.

முதல் இரண்டு மாதம் 15 நாளுக்கு ஒருமுறை தரம் பிரிப்பது கட்டாயம். முந்தின நாள் மாலையே தீவனத்தை நிறுத்திவிட்டு, விடியற்காலையில் மெல்லிய வலையால் பிடித்து, பெரியது, நடுத்தரம், சிறியது என மூன்று தொட்டியில் போடுங்கள். கையை நனைத்துக்கொள்ள வேண்டும். காய்ந்த கை பட்டால் வழவழப்பு போய்ப் புண் வரும். பிரித்ததை 10 லிட்டர் தண்ணீருக்கு 200 கிராம் கல்லுப்புக் கரைசலில் ஒரு நிமிடம் முக்கி எடுத்து, தனித்தனி வலைத்தடுப்பில் விடவும். ஒன்றின் வாயில் இன்னொன்றின் வால் துருத்திக்கொண்டிருந்தால் நாள் கடத்திவிட்டீர்கள் என்று அர்த்தம். விழுங்கிய மீனும் மூச்சடைத்துச் சாகும், இரண்டும் நஷ்டம்.

தீவனத்தை ஒரே மூலையில் கொட்டினால் முரட்டு மீன்தான் தின்று கொழுக்கும். காலை மாலை இரண்டு வேளை, மூன்று நான்கு இடத்தில் தூவுங்கள். ஒரு நாளைக்குக் குஞ்சுக்கு உடல் எடையில் 5 சதவீதம், வளர்ந்ததற்கு 2 முதல் 3.

மேலே வந்து காற்றைக் குடிக்கும் மீன் என்பதால் காற்றுக்கருவி கட்டாயமில்லை. அதற்காகச் சாக்கடைத் தண்ணீரிலும் வளரும் என்று நம்ப வேண்டாம். சித்திரை, வைகாசியில் வெயில் 40 டிகிரியைத் தாண்டும். தண்ணீர் 4 அடிக்குக் குறையக் கூடாது. மார்கழிக் குளிரில் தீனி குறையும், சிவப்புப் புண் தலைகாட்டும். சென்ட்டுக்கு 1 கிலோ சுண்ணாம்பைக் கரைத்து ஆறவைத்துத் தெளிக்கலாம். நம் போர் தண்ணீர் பல ஊரில் கடின நீர், அதனால் முதலில் பிஎச் (தண்ணீரின் அமில, காரத் தன்மையின் அளவு) பாருங்கள், 8.5-க்கு மேல் இருந்தால் சுண்ணாம்பு வேண்டாம்.

கரையைச் சுற்றி 3 அடி உயரத்துக்கு வலை கட்டி, அடியை மண்ணில் புதையுங்கள். ஐப்பசி மழை இரவில் ஊர்ந்தே பக்கத்துக் கழனிக்குப் போய்விடும். பிடிக்கும்போது இழுவலையை நம்பினால் சேற்றுக்குள் புதைந்து தப்பும், தண்ணீரை இறைத்துவிட்டுத்தான் பிடிக்க வேண்டும். உயிரோடு விற்றால்தான் விலை.