சொந்தப் பெயரில் ஒரு மீட்டர்: தோட்டத்து வீட்டுக்குக் கரண்ட் எடுக்கும் வழி

இலங்கை மலையகத் தேயிலைத் தோட்டத்தில் ஆறு வீட்டை ஒரே வரிசையாக ஒட்டிக் கட்டிய லயம். அதன் தொங்கல் காம்பராவில், அதாவது கடைசி வீட்டில், மெயின் சுவிட்ச். அங்கிருந்து மற்ற ஐந்து வீட்டுக்கும் வயர் ஓடும். தகரத்தில் ஆணியால் குத்திய ஓட்டை, அதில் சுற்றிய சைக்கிள் டியூப் துண்டு, அதற்குள்ளே விரல் தடிப்புக்கூட இல்லாத பெல் வயர். பின்னேரம் ஆறு மணிக்கு மலையிலிருந்து வந்தவர்கள் ஆறு வீட்டிலும் ஒரே நேரத்தில் கேத்தல் போட்டால் அந்த வயரைத் தொட முடியாது, சுடும். இருபத்தாறு வருடமாக வயரிங் வேலை செய்கிறேன். லயம் எரிந்தால் "மின்னொழுக்கு" என்று ஒரு வார்த்தையில் முடித்துவிடுகிறார்கள். முக்கால்வாசி இடத்தில் நான் பார்த்தது இந்தத் தகர ஓட்டையைத்தான்.

அதனால் வீட்டுக்கு வீடு தனி மீட்டர் வேண்டும் என்று யாரைக் கண்டாலும் சொல்வேன். இன்னொரு காரணமும் உண்டு. நான் பிறந்த தோட்டத்தில் எல்லோருக்கும் சேர்த்து ஒரே மீட்டர், காசு சம்பளத்தில் வெட்டுவார்கள். அம்மாவின் சம்பளத் துண்டில் "லைட்" என்று ஒரு வரி இருக்கும். எத்தனை யூனிட் என்று இருக்காது. பிறகு அம்மா பெயருக்கே மீட்டர் வந்தபோது, வீட்டு முகவரியோடு அவர் பெயர் அச்சடித்து வந்த முதல் கடதாசி அந்த பில்தான். அதை மடிக்காமல் எடுத்துக்கொண்டு பேங்க்குக்குப் போய்க் கணக்குத் திறந்தார்.

முதல் வேலை, நீங்கள் எந்த எல்லைக்குள் இருக்கிறீர்கள் என்று தெரிந்துகொள்வது. ஆட்கள் அதிகம் அலைவது இதில்தான். நுவரெலியா மாவட்டத்தில் முன்பு பிரதேச செயலகங்கள் ஐந்துதான். இப்போது தலவாக்கலை, நோர்வூட் போன்ற இடங்களிலும் இருக்கின்றன. பிரதேச சபை வேறு விஷயம்: கொட்டகலை, அக்கரப்பத்தனை, நோர்வூட், மஸ்கெலியா சபைகள் 2018 தேர்தலோடு வந்தவை. தலவாக்கலை டவுனுக்குள் இருந்தால் நகர சபை, டவுன் எல்லையைத் தாண்டித் தோட்டத்துக்குள் கால் வைத்தால் பிரதேச சபை. மின்சார சபையின் பகுதி எல்லை இந்த இரண்டோடும் பொருந்தாது. ஆகவே யாரிடமும் கேட்டு நிற்காமல், பக்கத்தில் ஏற்கனவே மீட்டர் உள்ள வீட்டு பில்லை வாங்கிப் பாருங்கள். எந்த அலுவலகம் என்று அதில் இருக்கும். கணக்கு இலக்கத்தையும் குறித்துக்கொள்ளுங்கள், விண்ணப்பத்தில் கேட்பார்கள். மின்சார சபையைப் பல கம்பனிகளாகப் பிரிக்கும் சட்டம் 2024ல் வந்தது. பெயர்ப் பலகை எதுவானாலும் போக வேண்டியது உங்கள் பகுதி நுகர்வோர் சேவை நிலையத்துக்கு. படிவத்தைத் தமிழில் கேளுங்கள். 1987ல் 13ஆவது திருத்தத்தோடு தமிழும் அரச கரும மொழி, தயங்க வேண்டியதில்லை.

அடுத்தது வீடு உங்களுடையது என்று காட்டும் கடதாசி. 7 பேர்ச் காணியில் தனி வீடு கட்டி காணி உறுதிப் பத்திரம் கையில் கிடைத்தவர்களுக்கு வேலை சுலபம். லயத்தில் இருப்பவர்களுக்குத்தான் சுற்று. காணி அரசுடையது, 1992ல் நிர்வாகம் கம்பனிகளுக்குப் போனது, குடியிருப்பவர் பெயர் எதிலும் இல்லை. கிராம சேவகரான ஜி.எஸ்.ஸிடம் வதிவிடச் சான்றிதழ் எடுத்து, பிரதேச செயலகத்தில் மேலொப்பம் வாங்கி, தோட்ட நிர்வாகத்திடம் சம்மதக் கடிதம் எடுங்கள். ஆபீசில் வாயால் கேட்டுவிட்டு வராதீர்கள். எழுத்தில் கொடுத்து, உங்கள் பிரதியில் திகதியோடு முத்திரை வாங்குங்கள். லயத்தில் ஆறு வீடும் சேர்ந்து ஒரே நாளில் ஆறு கடிதம் கொடுத்தால் பதில் சீக்கிரம் வருகிறது.

கம்பம் வரும் பாதையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், பல விண்ணப்பங்கள் இங்கேதான் தூங்குகின்றன. கம்பி இன்னொருவர் காணிக்கு மேலே போவதென்றால் அவருடைய சம்மதம் வேண்டும். தோட்டத்தில் அது தேயிலை மலை. கம்பத்துக்குக் குழி தோண்டினால் பத்துச் செடி போகும் என்று தடுப்பார்கள். மறுத்தால் விஷயம் பிரதேச செயலாளரிடம் போகும். அவர் விசாரித்து முடிவு செய்ய மின்சாரச் சட்டத்தில் இடம் இருக்கிறது. அவ்வளவு தூரம் போகவிடாமல், படத்தை நீங்களே நன்றாகக் கீறிக் கொடுங்கள். நான் கீறும்போது கடைசிக் கம்பத்தில் தொடங்கி வீடு வரைக்கும் காலால் நடந்து அடி எண்ணுவேன். தோட்டப் பாதை ஓரமாகவோ கான் (வடிகால்) ஓரமாகவோ வழி இருந்தால் அதைத்தான் போடுவேன், கொஞ்சம் சுற்றானாலும் சரி. பணிய லயத்தில், அதாவது கீழ் லயத்தில், ஓர் அக்கா வீட்டுக்கு நேர்க்கோட்டில் போட்ட பாதை ஒன்றரை வருடம் கிடந்தது. தண்ணீர் பிடிக்கும் பீலிப் பக்கமாக, பாதையோரம் மாற்றிக் கீறிக் கொடுத்ததும் ஆள் அளக்க வந்துவிட்டார்கள். கம்பம் கூடினால் காசும் கூடும். மதிப்பீட்டுக் கடிதம் வந்த பிறகே பணம் கட்டுங்கள், அலுவலகக் கவுண்டரில் மட்டும்.

எந்த மாதத்தில் கொடுப்பது என்பதற்கும் மலையைப் பார்க்க வேண்டும். பொகவந்தலாவை, நோர்வூட், டிக்கோயாப் பக்கம் பெய்யும் மழை கெஹெல்கமு ஓயா வழியாகக் காசல்ரீ நீர்த்தேக்கத்துக்குப் போய், களனி கங்கையில் சேரும். ரெயில் சிங்கமலைச் சுரங்கத்தைத் தாண்டி கொட்டகலைக்கு வந்துவிட்டால் மழைநீர் கொத்மலை ஓயாவுக்கு, அங்கிருந்து மகாவலிக்கு. இந்த இரு பக்கமும் மே மாதத்திலிருந்து தென்மேற்கு மழையில் நனையும். கருப்பந்தைல (யூகலிப்டஸ்) மரம் கம்பியில் விழுவதும் அப்போதுதான், வேலையாட்கள் எல்லோரும் திருத்த வேலைக்கே போய்விடுவார்கள். ஆகவே ஜனவரி, பெப்ரவரியில் விண்ணப்பத்தைக் கொடுங்கள். பதுளைப் பக்கத்தவர்களுக்கு வருட முடிவில் வடகீழ் மழை, அவர்கள் ஜூன், ஜூலையில் கொடுக்கலாம்.

அணை நிரம்பி வழியும்போது எங்கள் வீட்டில் ஏன் இருட்டு என்று பிள்ளைகள் கேட்பார்கள். நியாயமான கேள்வி. பொறியியலாளர் விமலசுரேந்திர 1918லேயே இந்த ஆறுகளில் மின்சாரம் எடுக்கலாம் என்று கணக்குப் போட்டுக் காட்டினார். லக்ஷபான மின்நிலையம் 1950ல் ஓடத் தொடங்கியது. தலவாக்கலையில் ஆற்றை மறித்து, சுமார் 13 கிலோமீற்றர் சுரங்கத்தில் தண்ணீரைக் கொண்டுபோய் 150 மெகாவாட் எடுக்கும் மேல் கொத்மலை மின்நிலையம் 2012ல் வந்தது. ஆனால் அந்த மின்சாரம் பெரிய கோபுரக் கம்பியில் 220,000 வோல்ட்டாக ஏறி நாடு முழுவதற்கும் போய்விடும். நமக்கு வருவது உப நிலையத்தில் 33,000க்கு இறங்கி, மலை மலையாகச் சுற்றி, டிரான்ஸ்போமரில் 230 ஆகிய பிறகு. அந்த மெல்லிய கடைசிக் கம்பியில் ஒரு கிளை விழுந்தால் போதும்.

இனி வீட்டுக்குள். வயரிங் சோதனை அறிக்கை இல்லாமல் மீட்டர் தரமாட்டார்கள், அந்தக் கையெழுத்துக்காக மட்டும் ஆள் தேடாதீர்கள். கரண்ட் ஒழுகினால் தானாக விழும் ட்ரிப் சுவிட்ச் 30 மில்லி அம்பியராக இருக்க வேண்டும். ஏர்த் கம்பி மலைக் கல்லில் பாதிதான் இறங்கும். மிச்சத்தை வெட்டி மறைக்கிற ஆட்களைப் பார்த்திருக்கிறேன். பக்கத்தில் நின்று பாருங்கள், ஈரம் நிற்கும் மண்ணாகப் பார்த்து முழுதாக இறக்கச் சொல்லுங்கள். வயரைத் தகரத்தில் தொடவிடாமல் குழாய்க்குள் போட வேண்டும். பிளக் 13 அம்பியர் சதுர முள், அதுதான் இப்போது நாட்டின் தரம்.

மீட்டர் பூட்டும் நாளில் முதல் எண்ணை போனில் படம் எடுங்கள். சிவப்பு லைட் ஒன்று சிமிட்டும்; ஒரு யூனிட்டுக்கு எத்தனை சிமிட்டல் என்று மீட்டரிலேயே எழுதியிருக்கும். 1600 என்று இருந்தால், 1000 வாட் தண்ணீர் ஹீட்டரை மட்டும் போட்டு ஒரு நிமிடம் எண்ணுங்கள், 27 அளவில் வரும். எல்லாவற்றையும் அணைத்த பிறகும் சிமிட்டினால் எங்கோ ஒழுகுகிறது, அல்லது உங்கள் வயரில் வேறு யாரோ இழுக்கிறார்கள். அந்த ஹீட்டரைத் தினமும் அரை மணித்தியாலம் போட்டால் மாதம் 15 யூனிட். 60 யூனிட்டைத் தாண்டினால் முதல் யூனிட்டிலிருந்தே விலை வேறு அடுக்குக்குப் போய்விடும், நிலையான கட்டணமும் ஏறும். ஆகவே மாத நடுவில் 30ஐத் தாண்டிவிட்டீர்களா என்று பாருங்கள். பில்லில் நாள் எண்ணிக்கையையும் பாருங்கள். வாசிப்பவர் பிந்தி வந்தால் அடுக்குகளும் அந்த நாட்களுக்கேற்பக் கூட வேண்டும்.

ட்ரிப் சுவிட்ச்சில் இருக்கும் சோதனைப் பொத்தானை மாதம் ஒருமுறை அமுக்குங்கள்; விழாவிட்டால் அன்றைக்கே மாற்றுங்கள். மழையில் கம்பி அறுந்து தேயிலைக்குள் கிடந்தால், பிள்ளைகள் அந்தப் பக்கம் போகாமல் பாதையின் இரு முனையிலும் ஆள் நிறுத்திவிட்டு, பில்லைக் கையில் வைத்துக்கொண்டு மின்சார சபையின் 1987 என்ற போன் எண்ணுக்கு அழையுங்கள். கணக்கு இலக்கத்தையும் தோட்டத்தின் பெயரையும் டிவிஷனையும் சொல்லுங்கள்.