கல்யாணச் செலவு தலைக்கு மேல் போகாமல் இருக்க

சம்பா அறுவடைப் பணம் கைக்கு வந்ததும் காவிரி டெல்டாவில் கல்யாண வேலை சூடு பிடிக்கும். அப்புறம் தூக்கம் போய்விடும். மண்டபத்துக்கு அட்வான்ஸ் கொடுப்பதற்கு முன்பே மொத்தத் தொகையை ஒரு நோட்டில் எழுதிவிடுங்கள். பணம் கரைவது சாப்பாட்டில்தான். சமையல்காரரிடம் ‘இலைக்கு இவ்வளவு’ என்று பேசும்போது முதல்நாள் ராத்திரி, காலை டிபன், முகூர்த்தச் சாப்பாடு மூன்றுக்கும் தனித்தனியாக இலைக் கணக்கு சொல்லுங்கள். எல்லா வேளைக்கும் ஒரே கூட்டம் வராது. தேய்பிறை முகூர்த்தத்துக்குச் சம்மதம் என்றால் மண்டப வாடகையில் பேசிப் பார்க்கலாம். பட்டுக்குக் கும்பகோணத்தை அடுத்த திருபுவனம் பக்கத்திலேயே இருக்கிறது, சென்னைக்கு ஓட வேண்டாம்.

‘ஊர் என்ன சொல்லும்’ என்று ஆரம்பிக்கும் சித்தப்பாவிடம் நோட்டை நீட்டி, “இதில் எதைக் குறைத்துவிட்டு நீங்க கேட்கிறதைச் சேர்க்கலாம், நீங்களே சொல்லுங்க” என்று கேளுங்கள். பெரும்பாலும் பேச்சு காபிக்கு மாறிவிடும். ராத்திரி சாப்பாட்டுக்கு அப்புறம் மட்டும் அந்த நோட்டைத் திறக்காதீர்கள், இருக்கிற தூக்கமும் போய்விடும்.