மூன்றாம் நாள் ருசிக்கும் மீன்: திருகோணமலை அடுப்பில் எஸ்கபெச்சே

கரைவலையில் நன்றாக மீன் பட்ட நாளில் ஒரு கிலோ வாங்கப் போன மனுசன் மூன்று கிலோவோடு வீட்டுக்கு வருவது எங்கள் ஊரில் வழக்கம். குழம்பு வைத்து, சொதி வைத்து, பொரித்து, பக்கத்து வீட்டுக்கும் கொடுத்த பிறகு இன்னும் ஒரு பை மிஞ்சும். அது ஐஸ்பெட்டியின் அடியில் போய், இரண்டு கிழமை கழித்துக் கல்லாக வெளியே வரும். இந்தக் குறிப்பு அந்த ஒரு பை மீனுக்காக.

எஸ்கபெச்சே என்பது ஸ்பானியர் சொல்லும் பெயர். போர்த்துக்கேயரும் அதே எழுத்துகளில் எழுதி, வாயில் மட்டும் இஷ்கபெஷ் என்பார்கள். மீனைப் பொரித்து, வெங்காயமும் உள்ளியும் வதங்கிய கொதிக்கும் வினாகிரிச் சாற்றை அதன் மேல் ஊற்றி, ஆறவிட்டு, இரண்டு நாள் தொடாமல் வைத்துக் குளிராகவே சாப்பிடுவது. செய்வது லேசு. கறித்தூள் போடாமல் இருப்பதும் அன்றைக்கே கை வைக்காமல் இருப்பதும்தான் கஷ்டம், எங்கள் வீட்டில் இரண்டுமே பலமுறை தோற்றிருக்கின்றன.

ஐரோப்பாச் சாப்பாடு என்று சொல்கிறோமே தவிர இதன் வேர் பாரசீகம். அங்கே சிக்பாஜ் என்று வினாகிரி ஊற்றிச் சமைத்த ஓர் இறைச்சிக் குழம்பு இருந்தது, பிறகு பாக்தாத்தில் அப்பாசியர் காலத்துப் பெரிய வீட்டு விருந்துகளிலும் அது பேர் போனது. அரபியர் ஆண்ட ஸ்பெயினுக்கு வந்து சேர்ந்தபோது பெயர் தேய்ந்தது, இறைச்சியின் இடத்தில் பொரித்த மீன் வந்தது. 14 ஆம் நூற்றாண்டின் கட்டலான் மொழிச் சமையல் ஏடு ஒன்றிலேயே இந்தப் பெயர் இருக்கிறது. ஸ்பெயின் 1492 இல் யூதர்களைத் துரத்தியது. ஓய்வு நாளான சனிக்கிழமை அடுப்பு மூட்டக் கூடாது என்பதால் வெள்ளிக்கிழமையே மீனைப் பொரித்து வைத்து மறுநாள் குளிராகச் சாப்பிடும் வழக்கம் அவர்களோடு லண்டன் வரை போனது, இன்றைய பிஷ் அன்ட் சிப்ஸில் மீன் பாதிக்கு வழி போட்டது அவர்கள்தான் என்று பொதுவாகச் சொல்வார்கள். ஜமேக்காவில் இதே பண்டத்துக்கு எஸ்கொவிச் என்று பெயர். வெனிஸ்காரர் மத்திச் சாதி மீனில் செய்து, உலர்ந்த திராட்சையும் பைன் பருப்பும் தூவி, ஜூலை மாதத்து ரெடென்டோரே திருவிழாவில் சாப்பிடுகிறார்கள். கப்பலில் போனவர்களுக்கும் கரையில் மீன் மிஞ்சியவர்களுக்கும் தேவைப்பட்ட பண்டம், அதனால்தான் துறைமுகம் துறைமுகமாகப் பரவியிருக்கிறது. எங்களுடையதும் துறைமுகம்தானே.

வினாகிரி என்ற சொல்லையே போர்த்துக்கேயர்தான் விட்டுப் போனார்கள். பாண், மேசை, கதிரை, கோப்பை, அலுமாரி எல்லாம் அவர்கள் சொல்தான். 1622 இல் கோணேசர் கோயிலை இடித்து அந்தக் கல்லிலேயே கோட்டை கட்டியவர்களும் அவர்கள்தான், பதினைந்து பதினாறு வருடத்தில் ஒல்லாந்தரிடம் அதைப் பறிகொடுத்துவிட்டுப் போனார்கள். கோயில் கணக்கு வேறு, சமையல் கணக்கு வேறு என்று நான் பிரித்து வைத்துக்கொள்கிறேன். என் பெரியம்மா அப்படிப் பிரிப்பதில்லை. "உவங்கட சாப்பாடு எனக்கு வேண்டாம்" என்பார், சொல்லும்போது கையில் பாண் துண்டு இருக்கும்.

சரி, மீனுக்கு வருவோம். போர்த்துக்கல்லில் இதற்கு அதிகம் எடுப்பது கரபாவு என்ற மீன், அது எங்கள் பாரை இனத்தைச் சேர்ந்தது. ஆகவே சின்னப் பாரை கிடைத்தால் யோசிக்கவே வேண்டாம். அறக்குளா அருமையாக வரும், ஆனால் அந்த விலைக்கு வாங்கிய அறக்குளாவை வினாகிரியில் போட எனக்கு மனம் வருவதில்லை. சூடையும் கும்பிளாவும் மலிவு, இரண்டு மூன்று நாள் புளிப்பில் ஊறினால் சூடையின் பொடி முள் வாயில் தெரியாத அளவுக்கு மெத்தென்று ஆகிவிடும், சின்னப் பிள்ளைகள் இருக்கும் வீட்டுக்கு நல்லது. சூரையும் சரிதான்.

சூரையிலும் கும்பிளாவிலும் ஒரு சங்கதி இருக்கிறது, இதை மட்டும் கவனமாகப் படியுங்கள். இந்தச் சாதி மீன் பிடித்த பிறகு வெயிலில் கிடந்தால் அதற்குள் ஹிஸ்டமின் என்ற பொருள் உண்டாகும். சாப்பிட்ட கொஞ்ச நேரத்தில் முகம் சிவந்து, தலை இடித்து, உடம்பு கடித்து, சிலருக்கு வாந்தியும் வரும். மீன் எனக்கு ஒத்துக்கொள்ளவில்லை என்று பலர் சொல்வது உண்மையில் இதுவாக இருக்கலாம். பொரித்தாலும் அது போகாது, வினாகிரியில் போட்டாலும் போகாது. கச்சான் காற்று வீசும் மாதங்களில் பத்து மணிக்கு மேல் சந்தையில் ஐஸ் இல்லாமல் பலகையில் கிடக்கும் சூரையை எவ்வளவு மலிவாகக் கொடுத்தாலும் வாங்காதீர்கள். "வினாகிரிதானே, பழுதாகாது" என்ற நினைப்பு இந்தப் பண்டத்துக்குப் பெரிய எதிரி. வினாகிரி நல்ல மீனைக் கொஞ்ச நாள் காப்பாற்றும், கெட்ட மீனை நல்லதாக்காது.

ஒரு கிலோ மீனுக்குத் தேவையானவை இவை: பெரிய வெங்காயம் நான்கு, உள்ளி எட்டுப் பல், கரட் ஒன்று, வினாகிரி 300 மில்லிலீட்டர், தண்ணீர் 100 மில்லிலீட்டர், சாறுக்கு மட்டும் எண்ணெய் 100 மில்லிலீட்டர் (பொரிக்க வேறு), முழு மிளகு ஒரு தேக்கரண்டி, பிரிஞ்சி இலை, தனி மிளகாய்த்தூள் அரைத் தேக்கரண்டி, சீனி ஒரு தேக்கரண்டி, உப்பு, மீனைப் புரட்டக் கொஞ்சம் கோதுமை மா.

வினாகிரியைப் பற்றிக் கொஞ்சம் நின்று பேச வேண்டும், இந்தப் பண்டத்தின் பாதி அதுதான். கடையில் கண்ணாடி போலத் தெளிவாக, மலிவாக இருப்பது பெரும்பாலும் செயற்கை வினாகிரி, அசெற்றிக் அமிலத்தைத் தண்ணீரில் கலந்தது. மூக்கைக் குத்தும், ருசி என்று ஒன்றும் இராது, லேபிளில் பொடி எழுத்தில் செயற்கை என்று போட்டிருக்கும். தென்னங்கள்ளு வினாகிரி லேசாகக் கலங்கலாக, மணமாக இருக்கும், அதையே வாங்குங்கள். ஸ்பானியர் ஊற்றுவது திராட்சை மது வினாகிரி, ஐரோப்பிய விதிப்படி அதில் குறைந்தது 6 சதவீதம் அமிலம் இருக்க வேண்டும், எங்கள் கள்ளு வினாகிரியில் 4 சதவீதம் அளவில்தான் இருக்கும். அவர்களுடைய குறிப்பில் வினாகிரிக்குச் சரிபாதி தண்ணீர் என்று இருக்கும், அதை அப்படியே நம்பிச் செய்தால் எங்களுக்குச் சாறு சப்பென்று போகும், மீனும் நாள் தாங்காது. மேலே தண்ணீரைக் குறைத்து எழுதியிருப்பது அதற்காகத்தான்.

இலையிலும் ஒரு குழப்பம் இருக்கிறது. ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பாருங்கள். காம்பிலிருந்து நுனி வரை மூன்று நரம்பு நீளமாக ஓடினால் அது இந்தியப் பிரிஞ்சி இலை, கறுவாவின் உறவு, கறுவா மணமே வரும். நடுவில் ஒரே நரம்பு ஓடி அதிலிருந்து பக்கக் கிளைகள் பிரிந்தால் அது ஐரோப்பாக்காரர் போடும் லோரல் இலை. அது கிடைத்தால் மூன்று இலை போடுங்கள். முன்னது என்றால் ஒன்று போதும், கூடினால் புரியாணி வாசம் வந்துவிடும். இரண்டும் இல்லையென்றால் விட்டுவிடுங்கள், கறிவேப்பிலை போட்டுச் சமாளிக்க வேண்டாம், போட்டால் வேறு ஒரு நல்ல பண்டம் வரும், இது வராது.

எண்ணெயில் நான் பட்ட பாடு தனி. முதல் தடவை வழக்கம்போலத் தேங்காயெண்ணெயில் செய்தேன். மறுநாள் காலையில் பிரிட்ஜைத் திறந்தால் மீனுக்கு மேலே மெழுகுதிரியை உருக்கி ஊற்றினது போல வெள்ளைத் தட்டு ஒன்று, கரண்டியால் தட்ட டொக் என்று சத்தம் வேறு. தேங்காயெண்ணெய் 24 பாகைக்குக் கீழே போனாலே உறையத் தொடங்கிவிடும், குளிராகச் சாப்பிடும் பண்டத்துக்கு அது சரிவராது என்று அன்றைக்குத்தான் மண்டையில் ஏறியது. அவர்கள் ஒலிவ் எண்ணெய் ஊற்றுவார்கள், கையில் காசு இருந்தால் ஊற்றுங்கள். நான் சூரியகாந்தி எண்ணெய்தான். நல்லெண்ணெய் உறையாது, ஆனால் அதன் மணம் மற்ற எல்லாவற்றையும் அமுக்கிவிடும்.

இனி அடுப்பு. மீனை இரண்டு விரல் தடிப்புக்கு வெட்டி, உப்புப் பிரட்டி இருபது நிமிடம் வைத்தால் தண்ணீர் விடும். அந்தத் தண்ணீரைத் துணியால் ஒற்றி எடுத்துவிட்டு மாவில் லேசாகப் புரட்டி உதறுங்கள், மா ஒட்டியிருக்கிறதா இல்லையா என்று சந்தேகப்படும் அளவுக்குத்தான் இருக்க வேண்டும், தடிப்பாக இருந்தால் சாற்றுக்குள் கூழாகிவிடும். தாச்சியில் மிதமான தீயில் பொன்னிறமாகப் பொரித்து எடுங்கள். எங்கள் பழக்கத்துக்கு மொறுமொறுவென்று காயவிட்டால் அது ஊறாது, சப்பினால் நார் போல இருக்கும். முள்ளின் ஓரம் வெந்தது தெரிந்தவுடன் எடுத்துவிடலாம், ஆனால் உள்ளே பச்சையாகவும் விடக் கூடாது.

பொரித்த எண்ணெயில் கருகிய மா கிடக்கும், அதைப் பாவிக்காதீர்கள். வேறு தாச்சியில் புது எண்ணெய் 100 மில்லிலீட்டர் விட்டு, நீளமாக அரிந்த வெங்காயத்தையும் வட்டமாக வெட்டிய கரட்டையும் தட்டிய உள்ளியையும் இலையையும் மிளகையும் போட்டு, தீயை நன்றாகக் குறைத்துவிடுங்கள். கால் மணித்தியாலம் பொறுமையாக வதக்க வேண்டும். வெங்காயம் சிவக்கவே கூடாது, வெளுத்து, தொய்ந்து, கரண்டியில் எடுத்தால் துணி போலத் தொங்க வேண்டும். அம்மா பின்னால் வந்து நின்று "இதுக்குள்ள ஒரு கரண்டி தூள் போட்டா என்ன குறைஞ்சா போகும்" என்று கேட்கும் கட்டம் இதுதான். குறையாது, ஆனால் மல்லியும் சீரகமும் வினாகிரியோடு சேர்ந்தால் அச்சாறும் குழம்பும் கலந்த ஒரு மணம் வரும், மூன்றாம் நாள் அது இன்னும் மோசமாகும்.

இப்போது அடுப்பை நிறுத்துங்கள். நிறுத்திய பிறகுதான் மிளகாய்த்தூள், இல்லாவிட்டால் சூட்டில் கருகிக் கசக்கும். ஸ்பானியர் இந்த இடத்தில் பிமென்தோன் என்ற காரமில்லாத மிளகாய்த்தூள் போடுவார்கள், நிறத்துக்கும் மணத்துக்கும்தான், காரத்துக்கு அல்ல. மிளகாயே கொலம்பஸ் போய் வந்த பிறகுதானே அவர்களுக்கும் கிடைத்தது, எங்களுக்கும் போர்த்துக்கேயர் வழியாக. தூளை ஒரு தடவை கிளறியதும் வினாகிரி, தண்ணீர், சீனி, உப்பு எல்லாம் சேர்த்து மறுபடி அடுப்பை மூட்டி, கொதி வந்த பிறகு ஐந்து நிமிடம் விடுங்கள். தாச்சிக்கு மேலே முகத்தை நீட்டி மணம் பார்க்காதீர்கள், அந்த ஆவி தொண்டையைப் பிடித்துக்கொள்ளும், ஜன்னலைத் திறந்து வைப்பது நல்லது. அலுமினியத் தாச்சி வேண்டவே வேண்டாம், புளிப்பு அதை அரித்துச் சாற்றில் இரும்பு நக்கினது போல ஒரு ருசி வரும். எவர்சில்வர் அல்லது மண்சட்டி.

மீன் துண்டுகளைக் கண்ணாடிப் பாத்திரத்தில் நெருக்கமாக அடுக்கி, கொதிக்கும் சாற்றை வெங்காயத்தோடு மேலே ஊற்றுங்கள். எல்லாத் துண்டும் மூழ்க வேண்டும், ஒரு மூலை வெளியே நீட்டிக்கொண்டு நின்றால் பழுது அங்கேதான் தொடங்கும். குறைந்தால் வினாகிரியைச் சூடாக்கி இன்னும் கொஞ்சம் விடுங்கள். ஆறியதும் மூடி பிரிட்ஜுக்குள், இரண்டு மணித்தியாலத்துக்கு மேல் வெளியே வைக்கக் கூடாது. ஸ்பெயினில் பழைய காலத்தில் குளிர்ந்த நிலவறையில் வைத்தார்கள் என்பதைப் படித்துவிட்டு எங்கள் வெக்கையில் மேசை மேல் வைத்துப் பார்க்காதீர்கள். நீண்ட நேரம் மின்சாரம் போன நாளில் சந்தேகம் வந்தால் கொட்டிவிடுங்கள்.

முதல் நாள் எடுத்துச் சாப்பிட்டால் வினாகிரி தனியாக, மீன் தனியாக நிற்கும், அப்போதே இது என்ன சாப்பாடு என்று முடிவு கட்டிவிடாதீர்கள். இரண்டாம் நாள் பரவாயில்லை. மூன்றாம் நாள் புளிப்பின் முனை மழுங்கி, வெங்காயத்தில் இனிப்பு ஏறி, மீன் சதை சாற்றைக் குடித்து இறுகி இருக்கும். ஐந்து நாளுக்குள் முடித்துவிடுங்கள். சாப்பிட அரை மணித்தியாலம் முன்பே வெளியே எடுத்து வையுங்கள், சூடாக்க வேண்டாம்.

மரக்கறி நாளுக்கும் வழி இருக்கிறது. நேப்பிள்ஸில் சுக்கினியை வட்டமாக வெட்டிப் பொரித்து வினாகிரியும் புதினாவும் போட்டு ஊறவிடுவார்கள், ஸ்கபேச்சே என்பார்கள், அதே பெயர்தான் வாய் மாறியிருக்கிறது. நான் கத்தரிக்காயில் செய்கிறேன், மோஜு சாப்பிட்டுப் பழகிய நாக்குக்கு ஒரு நாளில் பிடித்துவிடும்.

இதற்குத் துணை என்றால் பாண்தான், அதுவும் மேல்தோல் முறுகிய ரோஸ் பாண். எங்கள் வீட்டில் சுடச்சுடச் சிவப்பரிசிச் சோற்றுக்கு நடுவில் குளிர்ந்த மீனை வைத்து, சாற்றை இரண்டு கரண்டி விட்டுப் பிசைந்தும் சாப்பிடுகிறார்கள், எந்த ஸ்பானியனும் ஒத்துக்கொள்ள மாட்டான், எனக்குப் பிடிக்கும். மீன் முடிந்தபிறகு அடியில் நிற்கும் வெங்காயத்தைக் கொட்டிவிடாதீர்கள். போன தடவை பெரியம்மா அந்தப் பாத்திரத்தைக் கழுவக் கொண்டுபோகிறேன் என்று வாங்கிப் போனார், அரை மணித்தியாலம் கழித்துத் திரும்பி வந்தபோது பாண் துண்டால் வழித்துத் துடைத்த அடையாளம் உள்ளே வட்டம் வட்டமாக இருந்தது.