ஹங்கேரி ஆவணப்படத்தில் நீங்கள் நீங்களாகவே வருவது எப்படி?

புடாபெஸ்டில் திரைப்படம் படிக்கும் ஒருவர் வந்து, உங்கள் அன்றாட வாழ்க்கையைக் குறும்படமாக எடுக்கலாமா என்று கேட்டால், எனக்கு நடிப்பு வராதே என்று பின்வாங்காதீர்கள். 1970களிலேயே பாலாஜ் பேலா ஸ்டூடியோவின் இயக்குநர்கள் தொழில்முறை நடிகர்களை விட்டுவிட்டு சாதாரண ஆட்களை வைத்துப் படம் எடுத்த ஊர் அது.

முதலில், கேமரா இல்லாமல் ஒரு காபி. படம் எதைப் பற்றியது, எங்கே காட்டுவார்கள் என்று கேளுங்கள். வகுப்பறையோடு நின்றுவிடுமா, வெர்சியோ மாதிரி ஆவணப்பட விழாவுக்குப் போகுமா, இணையத்தில் ஏறுமா?

அடுத்தது 'ந்யிலத்கோசத்', அதாவது ஒப்புதல் கடிதம். இதில் அவசரமே கூடாது. ஹங்கேரியின் 2013 குடிமைச் சட்டப்படி உங்கள் உருவத்தையும் குரலையும் பதிவு செய்வதற்கும் சம்மதம் வேண்டும், பயன்படுத்துவதற்கும் வேண்டும். நான் முதல் தடவை வாசலில் நின்றபடியே கையெழுத்துப் போட்டுவிட்டேன். அம்மாவோடு போனில் அழுதபடி பேசியது பெரிய திரையில் ஓடியபோது நெஞ்சே பதறிப்போனது. புரிகிற மொழியில் ஒரு பிரதி வாங்கி, வீட்டில் உட்கார்ந்து படியுங்கள். எதைக் காட்டக்கூடாதோ அதை எழுத்திலேயே சேர்க்கச் சொல்லுங்கள்.

பெயரையும் நீங்களே எழுதிக் கொடுங்கள். அங்கே குடும்பப் பெயர்தான் முதலில் வரும் (பார்டோக் பேலா என்பதுபோல), நம் இனிஷியலைப் பார்த்துக் குழம்பிவிடுவார்கள். பெயருக்குப் பக்கத்தில் 'ஒன்மகா' என்று போட்டால், வேடம் எதுவும் இல்லாமல் அவர் அவராகவே வருகிறார் என்று அர்த்தம்.

படப்பிடிப்பு நாளில் பொடிக்கோடு போட்ட சட்டை வேண்டாம், திரையில் அது நெளியும். காலரில் மைக் மாட்டியபின் அங்கே கை போகக்கூடாது. ஒலிப்பதிவாளர் ஃபிரிட்ஜை அணைக்கச் சொல்வார். வீட்டுச் சாவியை அதற்குள்ளேயே வைத்துவிடுங்கள், வெளியே கிளம்பும்போது சாவியைத் தேடினால் ஃபிரிட்ஜைத் திரும்பப் போடவும் ஞாபகம் வரும். 'சாபோ' என்றால் கிளாப், 'எஞ்ஞி' என்றால் கட். இரண்டுக்கும் நடுவில் கைக்கு வேலை கொடுங்கள். வெங்காயம் நறுக்கிக்கொண்டே பேசினால் பேச்சு தானாக வரும். கேள்வி கேட்பவர் குரலைப் பெரும்பாலும் வெட்டிவிடுவார்கள், அதனால் எப்போது வந்தீர்கள் என்று கேட்டால் வெறும் "2019" போதாது, "நான் 2019இல் இங்கே வந்தேன்" என்று முழுசாகச் சொல்லுங்கள்.

அப்புறம், எடிட்டிங் முடிவாவதற்கு முன் ஒருமுறை போட்டுக் காட்டச் சொல்லுங்கள். கடிதத்தில் எழுதியபடி இருக்கிறதா என்று அப்போது பார்த்தால்தான் மாற்ற முடியும்.