உள்கதிர் சிகிச்சைக்குப் பிறகு வீட்டில் நடக்கும் தவறுகள்

கொழும்பில் கதிர் சிகிச்சை என்றாலே மஹரகம அபேக்ஷா புற்றுநோய் வைத்தியசாலைதான் ஞாபகம் வரும். யாழ்ப்பாணத்திலிருந்தும் ஹட்டனிலிருந்தும் வந்து, வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ சொந்தக்காரர் வீட்டில் தங்கி, 138 பஸ் பிடித்துப் போய் வருகிறவர்கள் எத்தனையோ பேர். உள்கதிர், அதாவது கதிர் தரும் பொருளை உடம்புக்குள் வைத்தோ விழுங்கக் கொடுத்தோ செய்யும் சிகிச்சை, முடிந்து அந்த வீட்டுக்குத் திரும்பிய பிறகுதான் குழப்பம் தொடங்குகிறது.

முதல் குழப்பம், யாரைத் தள்ளி வைப்பது என்பது. கர்ப்பப்பை வாய்ப் புற்றுநோய்க்கு உள்ளே குழாய் வைத்துக் கொடுக்கும் சிகிச்சையில், இரிடியம் அல்லது கோபால்ட் துணுக்கு குழாய் வழியே போய், சில நிமிடங்கள் நின்றுவிட்டு மெஷினுக்கே திரும்பிவிடும். குழாயைக் கழற்றிய பிறகு உடம்பில் கதிர் துளியும் மிச்சமில்லை. ஆனால் நம் வீடுகளில் அந்த அம்மாவுக்குத்தான் தனிக் கோப்பை, தனிப் பாய். பேரப்பிள்ளை கிட்டப் போனால் அதட்டல் வேறு. இதற்கு மருத்துவக் காரணம் எதுவும் கிடையாது.

தைரொயிட் புற்றுநோய்க்குக் கதிரியக்க அயடீன் விழுங்கியவர் கதை நேர்மாறு. அந்த அயடீனின் அரை ஆயுள் 8 நாள், அதாவது 8 நாளுக்கு ஒருமுறை அதன் கதிர் பாதியாகக் குறையும். சிறுநீர், எச்சில், வியர்வை எல்லாவற்றிலும் அது வெளியேறும். அவரோ, எனக்கு ஒன்றும் இல்லையே என்று கர்ப்பிணி மகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிடுவார். வார்டில் சொன்ன நாள் வரைக்கும் தனியாகப் படுக்க வேண்டும், குழந்தைகளையும் கர்ப்பிணிகளையும் விட்டு விலகியிருக்க வேண்டும். ஒரே டொய்லெட் உள்ள ஃபிளாட் என்றால் ஆண்களும் உட்கார்ந்தே சிறுநீர் கழித்து, இரண்டு தடவை ஃபிளஷ் பண்ணிவிட்டு வரட்டும். பெண்கள் குறைந்தது 6 மாதமாவது கருத்தரிப்பைத் தள்ளிப்போட வேண்டும்.

காதுக்குக் கீழே வீங்கினால், வாய் காய்ந்தால், சோறு ருசிக்காவிட்டால் அயடீன் உமிழ்நீர்ச் சுரப்பியைத் தொட்டிருக்கிறது என்று அர்த்தம். தண்ணீர் நிறையக் குடிக்கலாம். உமிழ்நீரை ஊற வைக்கும் தேசிக்காய், புளிப்பு இனிப்பு எப்போது தொடங்கலாம் என்பதை மட்டும் வார்டில் கேட்டுக்கொள்ளுங்கள். சிகிச்சைக்கு முந்திய, அயடீனைக் குறைக்கும் பத்தியத்திலும் ஒரு வழுக்கல் உண்டு. அயடீன் சேர்த்த உப்பை நிறுத்திவிட்டோம் என்பார்கள், சம்பலில் மாசி கிடக்கும். கடல் மீனும் கருவாடும் அயடீன்தான்.

சரி, குழாய் வைத்த பெண்களுக்கு வருவோம். களைப்பு, வெள்ளை படுதல், லேசான இரத்தக் கசிவு, சிறுநீர் எரிவு, வயிற்றோட்டம் ஆகியவை சில வாரம் இருக்கலாம். எரிகிறதே என்று தண்ணீரைக் குறைப்பதுதான் பலரும் செய்வது. அதில் எரிவு கூடும். ஒரு மணி நேரத்தில் ஒரு பேட் நனைந்தாலோ காய்ச்சல் வந்தாலோ அடுத்த கிளினிக் நாள் வரை காத்திருக்க வேண்டாம்.

இதில் பெரிய சிக்கல் கூச்சம். கிளினிக்கில் வைத்தியர் சிங்களத்தில் கேட்கிறார், மகன் தமிழில் சொல்கிறான். "அம்மா, வேற ஏதும் கஷ்டம் இருக்கோ?" மகனிடம் எந்தத் தாய் வெள்ளை படுவதைச் சொல்வாள்? "ஒண்டும் இல்லை" என்கிறாள், கொப்பியில் அதுவே பதிவாகிறது. கூட ஒரு பெண் போகட்டும், மகளோ தங்கச்சியோ. அல்லது தமிழ் தெரிந்த தாதியைத் தனியாகக் கேளுங்கள். துண்டுச் சீட்டில் எழுதிக் கொடுத்தாலும் போதும்.

இதே கூச்சத்தால்தான் யோனியை விரித்து வைக்கக் கொடுக்கும் டைலேட்டரும் அலுமாரிக்குள் போய்விடுகிறது. கதிர் பட்ட யோனி மெல்ல மெல்ல ஒட்டிச் சுருங்கும். அதைத் தடுக்க, வைத்தியர் சொல்லும் நாளில் தொடங்கி வாரத்துக்கு 2, 3 தடவை அந்த மழமழப்பான டைலேட்டரைப் பயன்படுத்தச் சொல்வார்கள். கணவர் இல்லாதவர்கள், இந்த வயதில் எனக்கு எதற்கு என்று விட்டுவிடுகிறார்கள். தாம்பத்தியத்துக்காக மட்டும் கொடுப்பதல்ல அது. வழி ஒட்டிப்போனால் நோய் திரும்பியிருக்கிறதா என்று உள்ளே பார்க்கவே முடியாது; பரிசோதனையும் தாங்க முடியாத வலியாகிவிடும்.

எல்லாம் ஓய்ந்து ஒரு வருடம், இரண்டு வருடம் கழித்து மலத்தோடு இரத்தம் வரலாம். கதிர் பட்ட குடலின் தாமதமான விளைவு அது. மூலம் என்று தாங்களே முடிவுகட்டி நாட்டு மருந்துக்கும் ஃபார்மசிக்கும் போகிறவர்கள் அநேகம். புதிதாகப் பார்க்கும் வைத்தியரும் பழைய கதை தெரியாமல் குடல் சுவரில் சதை கிள்ளிப் பரிசோதிக்க நினைக்கலாம். கதிர் பட்ட இடத்தில் அந்தக் காயம் ஆறாமல் ஓட்டையே விழுந்துவிடக்கூடும். புரொஸ்டேட்டுக்கு உள்கதிர் எடுத்த ஆண்களுக்கும் இதே எச்சரிக்கைதான். காய்ச்சலுக்கு மருந்தெடுக்கப் போனாலும் நோயும் சிகிச்சையும் எழுதிய டயக்னோசிஸ் கார்டின் போட்டோகொப்பி ஒன்று பையில் இருக்கட்டும். அயடீன் எடுத்தவர் சில வாரத்துக்குள் கட்டுநாயக்க வழியாகப் பயணம் போவதென்றால், வைத்தியசாலைக் கடிதமும் வேண்டும். விமான நிலையங்களில் கதிரைக் கண்டறியும் கருவி இருந்தால் அவரைப் பார்த்தும் அது சத்தம் போடும்.