சிரிப்புச் சொல்லைக் கடைசியில் வையுங்கோ: தொலைக்காட்சி நகைச்சுவை எழுதப் பழகுவோருக்கு

அரை மணி நிகழ்ச்சியில் விளம்பரம் போக ஏறக்குறைய 22 நிமிடம் மிஞ்சும். எடுத்த எடுப்பில் அதை எழுதப் போகாதேங்கோ. 5 நிமிடத் துண்டு, ஒரே இடம், மூன்று பேர் போதும். ஒரு பக்கம் ஏறத்தாழ ஒரு நிமிடம் ஓடும்.

முதலில் ஒருவருக்கு ஒரு தேவையைக் கொடுங்கோ, அதை வாய்விட்டுக் கேட்க முடியாமலும் பண்ணுங்கோ. கலியாணம் பேச வந்த மாமிக்குப் பெடியனின் விசா விபரம் வேணும். நேரே கேட்டால் மரியாதையில்லை.

தமிழில் வினை கடைசியில் வருவதால் சிரிப்புச் சொல் நடுவில் புதைந்துபோகும். "பெடியன் விசா கிடைக்காமல் கொழும்பில நிக்கிறான்" என்றால் அது வெறும் தகவல். "பெடியன் கனடாதான் மாமி. விசா வரும்வரைக்கும் கொழும்பில." இங்கே கடைசிச் சொல் விழுந்ததும் நிறுத்துங்கோ. அடுத்த வரியில் முக்கியமான செய்தி வேண்டாம், சிரிப்பொலியில் அமுங்கிவிடும்.

யாழ்ப்பாணத்து மாமி திடீரென்று சென்னைப் படத் தமிழ் பேசுவதுதான் இங்கே அடிக்கடி நடக்கிற பிழை. நாலு பேரைக்கொண்டு உரத்து வாசிப்பித்து, போனில் பதிந்து கேளுங்கோ. வாசிக்கிறவர் தானாக மாற்றிச் சொன்ன சொல் பெரும்பாலும் உங்களுடையதைவிட நல்லது. சிரிப்பு வராத இடத்தில் விளக்கம் சேர்க்காமல் வெட்டுங்கோ.