டாங்கனிகா ஏரியின் மல்டி மீனுக்கு நம்ம ஊர் நத்தைக்கூட்டில் வீடு அமைப்பது எப்படி?

ஆப்பிரிக்க ஏரி மீன் என்றாலே பெரிய தொட்டி, பெரிய செலவு என்று நாகர்கோவில் பக்கம் பலர் ஒதுங்கிவிடுகிறார்கள். மல்டிக்கு அது பொருந்தாது. முழுப்பெயர் நியோலாம்ப்ரோலோகஸ் மல்டிபேசியேட்டஸ். ஆணே நாலரை சென்டிமீட்டர்தான், பெண் அதைவிடச் சிறிது, இரண்டடித் தொட்டியில் ஒரு கூட்டமே குடும்பம் நடத்தும். டாங்கனிகாவின் அடியில் குவிந்து கிடக்கும் நியோதௌமா நத்தையின் வெற்றுக்கூடுதான் இதற்கு வீடு, முட்டையிடுவதும் அதற்குள்தான். அந்தக் கூட்டுக்குப் பதிலாக, நாஞ்சில்நாட்டு வயலிலும் குளத்தங்கரையிலும் கிடக்கும் நத்தைக்கூடு தாராளமாகப் போதும்.

தொட்டியை சைக்கிள் செய்வது (மீன் விடுமுன் கழிவை முறிக்கும் பாக்டீரியாவைத் தொட்டியில் வளர்ப்பது) வழக்கம்போலத்தான், அதை விடுகிறேன். ஃபில்டர் மட்டும் கட்டாயம் காற்று பம்பில் ஓடும் ஸ்பாஞ்ச் ஃபில்டராக இருக்கட்டும். மோட்டார் வைத்தது குஞ்சுகளை உறிஞ்சிவிடலாம்.

1. மணல்

இரண்டு அங்குலத்துக்குப் பொடிமணல். இந்த மீன் நாள் முழுக்க வாயால் மணலை அள்ளி, கூட்டை விளிம்புவரை புதைத்துவிடும், அதனால் ஜல்லி உதவாது. மணவாளக்குறிச்சி பக்கத்துக் கறுப்புக் கடல்மணல் பார்க்க அழகாக இருக்கிறதே என்று அள்ளிவராதீர்கள். உப்பு ஒருபக்கம், அதிலுள்ள மோனசைட் என்ற தாதுவில் கதிரியக்கமுள்ள தோரியம் இருப்பது இன்னொரு பக்கம். தண்ணீர் ஃபில்டருக்குப் போடும் மணலை வாங்கி, கலங்கல் போகும்வரை கழுவுங்கள்.

2. கூடு

பெரும்பாலானோருக்குக் காரியம் கெடுவது இங்கேதான், அவசரப்படாதீர்கள். கன்னியாகுமரிக் கடைகளில் பளபளவென்று விற்கும் சங்கு, சோவி வேண்டாம். வார்னிஷ் பூசியிருக்கலாம், சோவியின் வாயோ வெறும் கீறல், மீன் எப்படி நுழையும்? உங்கள் கட்டைவிரல் நுனி நுழைகிற கூடாகப் பாருங்கள். கால்மணி நேரம் கொதிக்கவைத்து, பிறகு வாளித் தண்ணீரில் இரண்டு மூன்று நாள் போட்டு, தினமும் தண்ணீரை மாற்றி, ஒவ்வொரு கூட்டையும் மூக்கருகே கொண்டுபோய் மோந்து பாருங்கள். கடைசிச் சுருளில் துளி சதை தங்கியிருந்தாலும் அழுகல் வாடை காட்டிக்கொடுக்கும், அதைத் தூரப் போடுங்கள்.

தொட்டியில் வைக்கும்போது கூட்டைத் தண்ணீருக்குள் வாய் மேலே வரும்படி பிடித்து மெல்லத் திருப்பினால் உள்ளே அடைபட்ட காற்று குமிழ் குமிழாக வெளியேறும். அது நிற்கும்வரை திருப்பிக்கொண்டே இருங்கள். ஒரு மீனுக்கு மூன்று கூடாவது வேண்டும், இல்லையென்றால் சண்டைதான்.

3. தண்ணீர்

டாங்கனிகாவின் பிஎச் (தண்ணீரின் அமில, காரத் தன்மையின் அளவு) 9ஐ ஒட்டி இருக்கும். நமக்கு 8க்கு மேல் நிலையாக இருந்தால் போதும். கடினத்தன்மை குறைந்த (சுண்ணாம்புச் சத்து குறைந்த) மென்தண்ணீராக இருந்தால் சுண்ணாம்பு நீற்றும் சிப்பியை வலைப்பையில் கட்டி ஃபில்டர் பக்கத்தில் போடுங்கள். பவளத் துண்டு வேண்டாம், அதை எடுப்பதே சட்டப்படி குற்றம். ஹீட்டர் நம்ம ஊருக்குத் தேவையில்லை, 24 முதல் 27 டிகிரி போதும். சித்திரை வெயிலுக்குத் தொட்டிக்குள் போகும் பம்புக் காற்றைக் கூட்டிவிடுங்கள்.

பின்சேர்க்கை: "மழை தொடங்கியதும் மீன் கூட்டைவிட்டு வெளியே வரவில்லை" என்று மார்த்தாண்டத்திலிருந்து ஒருவர் எழுதியிருந்தார். நமக்கு இரண்டு பருவமழையும் உண்டு, கிணற்றில் மழைநீர் கலந்தால் கடினத்தன்மை சட்டென்று இறங்கிவிடும். அந்த மாதங்களில் தண்ணீர் மாற்றுமுன் ஒவ்வொரு முறையும் டெஸ்ட் கிட்டில் பாருங்கள், அப்புறம் ஒரே நேரத்தில் பத்தில் ஒரு பங்குக்கு மேல் மாற்றாதீர்கள்.